உளுவைக்கு நான் போட்ட மூடி

என் தம்பி லியோனார்ட் துறைமுகத்தில் கப்பலின் அடித்தொட்டிக்குள் இறங்கித் துருச் சுரண்டுகிறவன். ஓர் ஆள் நுழையும் அளவுக்கு ஒரே ஒரு வாய். உள்ளே சூடு, இரும்புத் தூள், ஒற்றை பல்பு. ஒரு நாள் ஆள் இருப்பது தெரியாமல் மேலே அடைத்துவிட்டார்கள், பாவிகள். அரை மணி நேரம் சுத்தியலால் தட்டித்தான் வெளியே வந்தான். அதற்கப்புறம் வீட்டில்கூடக் கதவைச் சாத்த விடமாட்டான். 

அறுபத்தொன்பது ஜூலையில் ஒரு கல்லூரியில் அட்டெண்டர் வேலை காலியானது. அங்கே விலங்கியல் பாடம் எடுக்கும் பக்தவச்சலம் சார், "திங்கக்கிழமை கிளாசுக்கு ஆறு உளுவை மீன் உயிரோட கொண்டா. உனக்காக நான் பேசுறேன்" என்றாராம்.

ஞாயிற்றுக்கிழமை பூசைக்குக்கூடப் போகாமல் எண்ணூர் கழிமுகச் சேற்றில் புரண்டு ஆறு உளுவை பிடித்து வந்தான். அம்மா கத்தித் தீர்த்தாள். அவன் சிரித்துக்கொண்டே மீன்களைச் சேற்றோடு அகலமான பேசினில் விட்டான். அவன் சிரித்து எத்தனை மாதமாயிற்று!

மறுநாள் காலை, மீன்களைப் பால்பவுடர் டின்னுக்கு மாற்றினோம்.

"கொஞ்சூண்டு தண்ணி போதும்க்கா. இதுங்க சேத்து மேலயே குதிச்சிகினு கீதுங்க" என்றான்.

"போடா பேமானி! கடக்கரையில பொறந்துட்டு மீனுக்குத் தண்ணி வாணாம்ன்றியே!" என்று சொல்லி டின் விளிம்புவரை ஊற்றினேன். பஸ்ஸில் துள்ளி விழக் கூடாதென்று மூடியையும் இறுக்கி அழுத்தினேன். இரண்டு பஸ் மாறிப் போய்ச் சேரும்வரை அதை மடியில் வைத்திருந்ததும் நான்தான்.

பக்தவச்சலம் சார் மூடியைத் திறந்தார். ஆறும் செத்து மிதந்தன.

"அடடா, மூச்சு முட்டிப் போயிருக்கு" என்றார். "எத்தனையோ கோடி வருஷத்துக்கு முன்னாடி சில மீனுங்க துடுப்பை ஊனிக் கரைக்கு வந்துச்சு. காத்தைச் சுவாசிக்கப் பழகிச்சு. தவளை, பல்லி, நாம எல்லாம் அந்த வழியில வந்தவங்க. உளுவை அந்தப் பழைய மீன் இல்லை. ஆனா கரையேறுறது எப்படி நடந்திருக்கும்னு பசங்களுக்கு இதை வெச்சுத்தான் காட்டுவேன். இது வாயிலயும் ஈரத் தோல்லயும் காத்து வாங்கும். தண்ணியை ரொப்பி அடைச்சுட்டா காத்துக்கு எங்க போகும்?"

"எவ்ளோ நேரம் சார் தவிச்சிருக்கும்?" என்று கேட்டான் லியோனார்ட். "யாருப்பா மூடினது?" என்றார்.

"நான்தான் சார்" என்றான்.

நான் பக்கத்தில்தான் நின்றேன். வாயைத் திறக்கவில்லை. 'இவ்வளவு அஜாக்கிரதையான ஆளுக்காக எப்படிப் பேசுவது' என்று அவர் கைவிரித்துவிட்டார்.

வீட்டில் அம்மா கேட்டபோதும் அவன் அதையேதான் சொன்னான். அப்போதும் நான் பேசவில்லை. செவ்வாய்க்கிழமை காலை ஆறு மணிக்கு என் தம்பி மறுபடியும் தொட்டிக்குள் இறங்கினான். இன்னும் பதினோரு வருஷம் இறங்கினான்.