நான் அமெரிக்க ஜனாதிபதியாக இருந்த கிழமை

பதினொரு வயதில் நான் ஒரு கிழமை, முழுதாக ஏழு நாள், அமெரிக்க ஜனாதிபதியாக இருந்திருக்கிறேன். சிரிக்க வேண்டாம். மெல்பேணில், ஸ்பிரிங்வேலுக்குப் பக்கத்தில், ரயில் போகும்போதெல்லாம் அலுமாரிக் கண்ணாடி அதிர்கிற ஒரு வாடகை வீட்டில் இருந்துகொண்டுதான் ஆட்சி நடத்தினேன்.

எங்கள் வகுப்பு மிஸ் ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு நாட்டுத் தலைவரைக் கொடுத்திருந்தார். அந்தத் தலைவரைப் போலவே உடுத்திக்கொண்டு வந்து வகுப்புக்கு முன்னால் கதிரையில் இருக்க வேண்டும். மற்றப் பிள்ளைகள் பத்திரிகைக்காரராக மாறிக் கேள்வி கேட்பார்கள். நன்றாகப் பதில் சொல்கிறவருக்குப் பரிசு. எனக்கு யாராவது ஒரு மகாராணி கிடைப்பாள், அம்மாவின் பழைய கூறைச் சேலையைச் சுற்றித் தலையில் கிரீடம் வைத்துக்கொண்டு போகலாம் என்று இருந்தேன். கிடைத்ததோ அறுபதுகளில் அமெரிக்காவை ஆண்ட, பெரிய காதுக்காரர் ஒருவர். வீட்டுக்கு வந்து ஒரு மூச்சு அழுதேன்.

ஆனால் படிக்கப் படிக்க எனக்கு ஆளைப் பிடித்துப்போயிற்று. கறுப்பு மனிதர்கள் வோட்டுப் போடுவதற்கு இருந்த தடையை உடைத்திருந்தார். வயோதிபர்களுக்கு வைத்தியச் செலவை அரசாங்கமே கட்ட வைத்திருந்தார். ஏழைப் பிள்ளைகளின் பள்ளிக்கூடங்களுக்கு அள்ளிக் கொடுத்திருந்தார். எல்லாவற்றையும் விட, அரசியலுக்கு வர முன்னர் அவர் வாத்தியாராக இருந்தவர். செருப்பில்லாமல் வருகிற பிள்ளைகளுக்கு ஒரு சின்ன ஊரில் படிப்பித்தவர். இதை நான் குசினிக்குப் போய்ச் சமைத்துக்கொண்டிருந்த அம்மாவிடம் சொன்னபோது, பல நாட்களுக்குப் பிறகு அம்மாவின் முகம் கொஞ்சம் வெளித்தது.

"வாத்தியாரோ? அப்ப உன்ர மாமா மாதிரி."

மாமா என்றால் அம்மாவின் ஒரே தம்பி. இலங்கையில், வன்னியில் கணக்கு வாத்தியார். கலியாணம் கட்டாதவர். அம்மா அவருக்குப் பெண் பார்க்கத் தொடங்கிய நேரம் பார்த்து அங்கே சண்டை முற்றியது. வன்னியில் கடைசிச் சண்டை நடந்த மாதங்கள் அவை. யாரோ வைத்திருந்த சட்டலைட் போனில் வரிசையில் நின்று மாமா ஒருநாள் எங்களுக்கு அழைப்பு எடுத்தார். "அக்கா, பங்கர் குழிக்கைதான் இருக்கிறம், வசதி கிடைச்சா எடுக்கிறன்" என்றதோடு தொடர்பு அறுந்துபோனது.

அன்றிலிருந்து எங்கள் வீட்டு போனை யாரும் தொடக் கூடாது. மாமாவுக்கு மனப்பாடமாகத் தெரிந்த நம்பர் அது ஒன்றுதான். அவர் எடுக்கிற நேரம் பார்த்து நாங்கள் கதைத்துக்கொண்டிருந்தால்? வெளியிலிருந்து யாராவது எடுத்தால் அம்மா, "சொல்லுங்கோ, கெதியாச் சொல்லுங்கோ" என்று விரட்டி விரட்டி வைத்துவிடுவார். வயர் இல்லாத அந்த போனை ஒரு பொலித்தீன் பையில் சுற்றிக் குளியலறைக்குள்ளும் கொண்டுபோவார். படுக்கும்போது தலையணைக்குப் பக்கத்தில் வைத்துக்கொள்வார். எனக்கு அந்த போனில் சரியான எரிச்சல். என் சிநேகிதி, வகுப்பில் எனக்குப் பக்கத்தில் இருக்கிற வியட்நாமியப் பிள்ளை, பின்னேரம் முழுக்க மற்றவர்களோடு போனில் அலட்டுவாள். நான் மட்டும் அடுத்தநாள் பள்ளிக்கூடம் போய்த்தான் ஊர்ப்புதினம் அறிய வேண்டும்.

அப்பாவுக்கு என் ஜனாதிபதிப் பதவி ஒரு விடுதலையாக இருந்திருக்க வேண்டும். வேலையால் வந்து சாப்பிட்டதும் தலைமுடி வாரும் பிரஷை மைக்காகப் பிடித்துக்கொண்டு பத்திரிகைக்காரராகிவிடுவார். தன் டையை என் கழுத்தில் கட்டிவிட்டவரும் அவர்தான். அது என் முழங்கால் வரை தொங்கியது.

"மதிப்புக்குரிய ஜனாதிபதி அவர்களே, நாங்கள் சின்னனா இருக்கேக்கை பள்ளிக்கூடத்திலை அமெரிக்கன் பிஸ்கட் தந்தவை. அது நீங்கள் அனுப்பினதோ?"

"ஓம், நான்தான்!"

"கல்லு மாதிரி இருந்தது ஐயா. பல்லு உடையப் பாத்தது."

குசினிக்குள் அம்மா அவித்த கோதுமை மாவை அரித்துக்கொண்டிருப்பார். பையில் அவுஸ்திரேலியக் கோதுமைக் கதிரின் படம் போட்டிருந்தாலும் அம்மா அதை அமெரிக்கன் மா என்றுதான் சொல்வார். அந்தக் காலத்தில் கப்பலில் வந்த மாவின் பெயர் இன்னும் நாக்கை விட்டுப் போகவில்லை. "இந்தப் புட்டும் உங்கடை புண்ணியந்தான் ஐயா" என்று அப்பா எனக்குக் கும்பிடு போடுவார்.

சண்டைக் கேள்வி வந்தபோதுதான் எங்கள் இரண்டு பேருக்கும் சிக்கல் வந்தது. ஜனாதிபதி வியட்நாமுக்குப் படைகளை அனுப்பிக்கொண்டே இருந்தார். அவுஸ்திரேலியாவும் பின்னால் போனது. அவருடைய சனமே வாசலில் நின்று, இன்றைக்கு எத்தனை பிள்ளைகளைக் கொன்றாய் என்று கத்தியது. கடைசியில் இன்னொரு தரம் தேர்தலில் நிற்கவே மாட்டேன் என்று சொல்லிவிட்டு வீட்டுக்குப் போய்விட்டார். நல்ல வாத்தியார் ஏன் இப்படிச் செய்தார்? அப்பா பிரஷைக் கீழே வைத்துவிட்டு யோசித்தார்.

"சண்டையை விட்டா கோழை எண்டு அவன்ர ஆக்களே கவிழ்த்துப் போடுவினம், பிள்ளை. பிறகு ஏழையளுக்கான சட்டங்களும் நிறைவேறாது. அந்தப் பயத்திலை இதையும் இழுத்து அதையும் இழுத்து, கடைசியிலை நல்லது செய்ததும் மறைஞ்சு போச்சு. பாவம், நல்ல மனுசன்."

"நல்ல மனுசன் எண்டா நிப்பாட்டியிருப்பான்" என்றார் அம்மா குசினிக்குள் இருந்து. அரிதட்டுச் சத்தம் தொடர்ந்தது.

எனக்கோ பதில் வேண்டும், பரிசும் வேண்டும். கடைசியில் பதிலை நானே கண்டுபிடித்தேன். எங்கள் வீட்டுக் கணினியில் விடிய விடியத் தமிழ் வானொலி ஓடும். பெரிய நாடுகள் எல்லாம் வன்னியைப் பற்றி ஒரே வசனத்தைத்தான் சொல்லிக்கொண்டிருந்தன. நிலைமையை மிகுந்த கவலையோடு கவனித்து வருகிறோம். கேட்டுக் கேட்டு எனக்கு அது தேவாரத்தை விட நன்றாகப் பாடமாகியிருந்தது. பெரிய மனிதர்கள் சண்டையைப் பற்றி இப்படித்தான் கதைப்பார்கள் என்று நினைத்தேன். அதையே ஆங்கிலத்தில் மாற்றி, முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு சொல்லிப் பழகினேன்.

வகுப்பில் என் ஆட்சி அமோகமாக நடந்தது. பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, வோட்டு என்று விளாசித் தள்ளினேன். கடைசியாக என் சிநேகிதி கை உயர்த்தினாள். அவளுடைய பெரியப்பா அந்தச் சண்டையில் செத்துப்போனவர். படத்தில் மட்டும் பார்த்திருக்கிறாளாம். "நல்லதை மட்டும் செய்திருக்கலாமே, ஏன் மற்றதையும் செய்தீர்கள்?" என்று கேட்டாள். நான் டையை நேராக்கினேன். முகத்தைத் தொங்கப் போட்டேன். மிகுந்த கவலையோடு கவனித்து வருகிறோம் என்றேன். மிஸ் வாய்விட்டுச் சிரித்துக் கை தட்டினார், அசல் அரசியல்வாதி என்றார். வகுப்பே தட்டியது. சிநேகிதியும் கொஞ்சம் பிந்தித் தட்டினாள். பரிசு எனக்குத்தான்.

டையோடேயே வீட்டுக்கு ஓடினேன். பின்னேரக் குளிருக்குள் அம்மா தலை முழுகி, ஈரத் தலையோடு குசினியில் நின்றார். போன் கூடத்தில் அதன் தாங்கியில் தனியே இருந்தது. அதைப் பார்க்க எனக்குப் புதினமாக இருந்தது. அம்மாவுக்குப் போன் பைத்தியம் தெளிந்துவிட்டது என்று சந்தோசப்பட்டேன். சாமித்தட்டின் திரை இழுத்து மூடியிருந்தது. விளக்குக் கொளுத்தும் நேரம் வந்தும் அம்மா கொளுத்தவில்லை. பரிசைக் காட்டினேன். "கெட்டிக்காரி" என்று தலையைத் தடவினார். கை ஐஸாகக் குளிர்ந்தது.

அப்பா வந்ததும் சப்பாத்தைக்கூடக் கழற்றவில்லை. "அம்மாவுக்குச் செய்து காட்டு பிள்ளை, அவ கொஞ்சம் சிரிக்கட்டும்" என்று கதிரையை நடுவில் இழுத்துப் போட்டார். "இஞ்சாரும், வந்து இரும். இண்டைக்கு நீர்தான் பத்திரிகைக்காரர்."

அம்மா கையைத் துடைத்துக்கொண்டு வந்து எனக்கு முன்னால் இருந்தார். நான் தமிழில் பேசினேன். பள்ளிக்கூடம் கட்டியதை, ஆஸ்பத்திரி கொடுத்ததை எல்லாம் சொன்னேன். அம்மா கண் வெட்டாமல் கேட்டுக்கொண்டிருந்தார். அப்பா பிரஷை அவரிடம் நீட்டினார். அம்மா அதை வாங்கவில்லை.

"ஜனாதிபதி ஐயா, நீங்களும் வாத்தியார்தானாம். என்ர தம்பியும் வாத்தியார். பிள்ளையளுக்குக் கணக்குப் படிப்பிச்சவன். அவன் உங்களுக்கு என்ன செய்தவன்?"

என்ன ஒரு நடிப்பு என்று நினைத்தேன். என் சிநேகிதியின் கேள்வியை விட இது எவ்வளவோ திறம். அம்மாவுக்கு ஈடாக நானும் நடிக்க வேண்டும் அல்லவா? டையை நேராக்கினேன். முகத்தைத் தொங்கப் போட்டேன்.

"நிலைமையை மிகுந்த கவலையோடு கவனித்து வருகிறோம்" என்றேன்.

யாரும் கை தட்டவில்லை. அப்பா சிரிக்கத் தொடங்கி, அம்மாவின் ஈரத் தலையைப் பார்த்தார். பிறகு சாமித்தட்டைப் பார்த்தார். பிரஷ் அவர் கையிலிருந்து நழுவிக் கீழே விழுந்தது. "எப்ப?" என்று மட்டும் கேட்டார். அம்மா எழும்பினார். கூடத்துக்குப் போய் போனை எடுத்துவந்து என் மடியில் வைத்தார்.

"உன்ர சிநேகிதியோடை கதைக்க வேணும் எண்டு நெடுகக் கேப்பாய்தானே. கதை பிள்ளை. ஆசை தீரக் கதை."

எனக்குத் தலைகால் புரியவில்லை. பரிசு எடுத்ததற்குக் கிடைத்த பரிசு என்றே எண்ணினேன். கதிரையில் சம்மாணம் கட்டி இருந்துகொண்டு சிநேகிதிக்கு எடுத்தேன். என் பதில் தனக்கு விளங்கவில்லை என்றாள். "அதில் விளங்க ஒன்றுமில்லை, சும்மா சொல்கிறதுதான்" என்றேன். பிறகு யார் எப்படி உடுத்தி வந்தார்கள், யார் சொதப்பினார்கள் என்று அலட்டத் தொடங்கினோம். அப்பா குசினிக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். அதற்குள்ளே அம்மா மா அரிக்கிற சத்தம் கேட்டது, நின்றது, மறுபடியும் கேட்டது.

இருட்டும் வரை கதைத்தேன். கதைத்தது காணும், போனை வை என்று யாரும் வந்து சொல்லவில்லை. மாமா எடுத்தால் என்ன செய்கிறது என்று கேட்க எனக்கும் தோன்றவில்லை.