எட்டு மூன்றான தீர்ப்பு

என் வக்கீலின் குமாஸ்தா ஒல்லியான மனிதர். சட்டைப் பையில் எப்போதும் ஒரு ஸ்கேல் வைத்திருப்பார். தீர்ப்பு நகல் வந்தால் கடைசி வரியில் ஸ்கேலை வைத்து, ஒவ்வொரு வரியாக மேலே ஏறிப் படிப்பார்.

அடி அண்ணாமலையில் என் வீட்டைக் காலி செய்ய மறுத்தவர்மேல் போட்ட வழக்கு ஜெயித்தபோதும் அப்படித்தான் படித்தார். சர்வே எண்ணில் ஸ்கேல் நின்றது.

“சார், உங்க வீடு 41/8. இதுல 41/3னு டைப் ஆயிருக்கு. அது யாருது?”

“பக்கத்து வீடுங்க. ஒரு நர்ஸம்மா தனியா இருக்காங்க.”

“அப்போ தீர்ப்புப்படி அவங்கதான் காலி பண்ணணும்.”

நான் சிரித்தேன். ஏழு வருஷம் காத்திருந்த அவசரம் எனக்கு. “ஒரு நம்பர்தானே! முதல்ல கோர்ட் அமீனாவை வரவைங்க, வீட்டை நான் காட்டறேன். அப்புறம் திருத்திக்கலாம்.”

அவர் சிரிக்கவில்லை.

“நீங்க காட்டுற வீட்டுக்கு அமீனா போகமாட்டாருங்க. பேப்பர்ல இருக்கிற வீட்டுக்குத்தான் போவாரு. அந்தம்மா டூட்டிக்குப் போயிருந்தா பூட்டை உடைச்சுடுவாங்க.” குரல் தாழ்ந்தது. “நானும் ஒருவாட்டி, வேற ஒரு வீட்டு விஷயத்துல, உங்கள மாதிரிதான் சொன்னேன்.”

“என்ன ஆச்சு?”

அவர் திருத்த மனுவை எழுத ஆரம்பித்தார்.

இரண்டு மாதத்தில் எண்ணைத் திருத்தினார்கள். என் வீடும் கிடைத்தது. எதுவும் தெரியாத நர்ஸம்மா கிரிவலப் பாதையில் பார்த்தால் வணக்கம் சொல்கிறார். அந்த இன்னொரு வீட்டில் யார் இருந்தார்கள் என்று குமாஸ்தாவிடம் கேட்க எனக்கு இன்னும் தைரியம் வரவில்லை.