யக்னோபில் நான் எடுத்த நாற்பது படங்கள்

2016 ஆகஸ்ட் 12, மாலை ஐந்து மணி. துஷான்பேயிலிருந்து வடக்கே ஒரு நாள் முழுக்க ஜீப்பில் குலுங்கி, அன்சோப் சுரங்கப்பாதையைக் கடந்து, தஜிகிஸ்தானின் அய்னி மாவட்டத்தில் யக்னோப் ஆற்றோரமாக ஏறி, பிதெவ் கிராமத்தில் இறங்கினோம். ஜீப்புக்கும் ஓட்டுநர் ருஸ்தமுக்கும் மூன்று நாளைக்கு 450 டாலர். கூட வந்தவள் என் மனைவி கமலா, ஆக்லாந்தில் நர்ஸ்.

இந்தப் பள்ளத்தாக்கின் வரலாற்றை நினைத்தாலே எனக்கு ரத்தம் கொதிக்கிறது. 1970இல் சோவியத் அரசு ஹெலிகாப்டர்களில் வந்து, பனிச்சரிவு ஆபத்து, உங்கள் நன்மைக்குத்தான் என்று சொல்லி ஜனங்களை அள்ளிக்கொண்டு போனது. இறக்கிவிட்டது சமவெளியின் பருத்திக் காட்டில். மலைக் குளிரில் பிறந்தவர்கள் அந்த வெயிலில் சுருண்டு செத்தார்கள். பருத்திக்கு ஆள் வேண்டும், அவ்வளவுதான். மலேசியாவில் ரப்பர்த் தோட்டத்தை விற்றபோது எங்கள் குடும்பத்தையும் இதே பேச்சைப் பேசித்தான் லாரியில் ஏற்றினார்கள்.

எங்களுக்கு இடம் கொடுத்த சஃபர் பருத்திக் காட்டில் பிறந்து மலைக்குத் திரும்பியவர். மனைவி ஸெபோ நிறைமாதம். ஊரில் டாக்டர் இல்லை. ஜனங்களை அள்ளிப்போக ஹெலிகாப்டர் வந்த ஊருக்கு ஆம்புலன்ஸ் வர ஒழுங்கான பாதை போட இன்றுவரை யாருக்கும் மனமில்லை.

ஆகஸ்ட் 13, காலை எட்டு மணி. சஃபர் ருஸ்தமோடு வந்து நின்றார். ஸெபோவுக்கு விடியலிலேயே வலி கண்டிருந்தது.

"அய்னி ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகணுமாம், அஞ்சு மணி நேரம்," என்றார் ருஸ்தம். "நீங்க சரின்னா இப்பவே கிளம்பலாம்."

மேலே இடிந்து கிடக்கும் பழைய ஊரைப் பார்த்துவிட்டு வந்துவிடுகிறேன் என்றேன். இத்தனை தூரம் வந்ததே அதற்குத்தான். வழிகாட்ட ருஸ்தமையும் அழைத்துக்கொண்டேன். நான் விருந்தாளி என்பதால் சஃபர் தலையாட்டிவிட்டு வீட்டுக்குள் போனார். கமலா தூங்கிக்கொண்டிருந்தாள், எழுப்பவில்லை.

கூரையில்லாத சுவர்களுக்கு நடுவே நின்று, மனிதர்களை மூட்டையாக நினைத்த பாவிகளை வாய்விட்டுத் திட்டினேன். நாற்பது படம் எடுத்தேன்.

பத்து மணிக்குத் திரும்பினால், கமலா ஸெபோவின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். அவள் கையெல்லாம் ரத்தம்.

"என்னாங்க, சஃபர் காலையிலயே ஜீப் கேட்டாராமே?"

"ஆமா."

"காடி சும்மாதான நின்னுச்சு? என்னையாவது எழுப்பியிருக்கலாம்ல?"

மூன்றரை மணிக்கு அய்னி. ஸெபோ பிழைத்தாள். குழந்தை பெண், அழவேயில்லை. கொஞ்சம் முன்னாலேயே வந்திருக்கலாம் என்று டாக்டர் சொன்னதை ருஸ்தம் மொழிபெயர்த்தார். சஃபர் நெஞ்சில் கை வைத்து, வண்டி கொடுத்ததற்கு எனக்கு நன்றி சொன்னார். அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை.

ஆக்லாந்தில் நாங்கள் இருக்கும் கிளென் ஈடனில் போன் பண்ணினால் ஆம்புலன்ஸ் வாசலுக்கே வருகிறது. போன வாரம் நண்பர்கள் சாப்பிட வந்தபோது சோவியத்காரர்களை மறுபடியும் திட்டித் தீர்த்தேன். படங்களைப் பார்த்து எல்லாரும் அநியாயம் என்றார்கள். கமலா தட்டுகளை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். ஒவ்வொரு படத்தின் ஓரத்திலும் மணி பதிவாகியிருக்கிறது: 8:20 முதல் 9:40 வரை.