ஓரத்தில் தெரிந்த விரல்கள்

கம்பஸ் நூலகத்தில், புகழ்பெற்ற புகைப்படங்களின் கதைகளைச் சொல்லும் புத்தகமொன்றைப் புரட்டினேன். படத்தின் ஓரத்தில் விழும் வேண்டாதவற்றை வெட்டிவிட வேண்டும் என்றிருந்தது. அப்படியொரு ஓரத்தில்தான் ஒருகாலம் எங்கள் அண்ணை இருந்தார்.

எங்கள் ஊரான நாரந்தனையில், சண்டை நடந்த அந்தக் காலத்தில், வீட்டுக்கொரு குடும்பப்படம் இருக்க வேண்டும். சோதனைக்கு வரும் ஆமிக்காரர் ஆட்களைப் படத்தோடு ஒப்பிட்டு எண்ணுவார்கள். எங்களைப் படமெடுத்த அன்று சரியான காற்று. பின்னால் திரையாகக் கட்டிய வெள்ளை வேட்டியை அண்ணைதான் ஓரத்தில் நின்று இழுத்துப் பிடித்தார். "உம்மைப் பிறகு சேர்த்து எடுக்கிறன்" என்ற படக்காரரிடம் பிலிம் முடிந்துவிட்டது.

அடுத்த கிழமை வந்த ஆமிக்காரர் ஒருவர் அண்ணையைச் சுட்டிக்காட்டினார். "இது யார்? படத்தில் இல்லை."

"இருக்கிறான் ஐயா. இந்த விரல் இவன்ரை."

அம்மா தொட்ட இடத்தில், கத்தி வெட்டி நுனி போன சுட்டுவிரல் வேட்டியைப் பிடித்திருந்தது. ஆமிக்காரர் அண்ணையின் கையைப் படத்தோடு வைத்து வெகுநேரம் பார்த்தார். "சரி" என்று போனார்.

போன மாதம் அண்ணைக்குக் கலியாணம். கமராவைக் கண்டதும் அம்மா ஓடிப்போய் அண்ணையின் கையைப் பிடித்தார்.

"விடுங்கோ அம்மா, மாப்பிள்ளை நடுவிலைதானே நிப்பார்" என்றார் கமராக்காரர்.

"ஓம் தம்பி, நீர் எடும்" என்றார் அம்மா, கையை விடாமல்.