என் வீட்டுக்காரர் செய்த கொலைகள்

என் வீட்டுக்காரர் பியோ குவாங்சிக் ஐந்து பேரைக் கொன்றவர். எல்லாம் சினிமாவில்தான். அதுவும் ஒரே சினிமாவில். சாதுவான மருந்துக்கடைக்காரர் வேடம். துப்பறிய வந்த போலீஸ்காரனையே, 'கொன்றது நான்தானோ' என்று குழம்ப வைத்துவிடுவார்.

அது வெளியான அதே வாரம் பெரிய நடிகர் படம் ஒன்று வந்து தொலைத்தது. எங்கள் படத்தைத் தூக்கிவிட்டார்கள். அப்புறம் யாரும் கூப்பிடவில்லை. மனிதர் எங்கள் ஊர் இன்சியோனிலேயே பாய்லர் பழுது பார்க்கப் போனார்.

வாய் சும்மா இருக்குமா? கிம்ச்சி ஊறுகாய் போடும் இடத்தில், இழவு வீட்டில்கூட, "நம்ம படம் பாத்தீங்களா?" என்பார். ஒரு ஈ காக்கைகூடப் பார்த்திருக்கவில்லை.

மகள் சேரினுக்குச் சம்பந்தம் வந்தது. இரு வீட்டாரும் முதன்முதலாக உணவகத்தில் சந்தித்துக் கல்யாணத்தை முடிவு செய்யும் நாள். ஒருவர் முகம் சுளித்தாலும் பேச்சு முறிந்துவிடும்.

"அப்பா, அந்தக் கொலைகாரன் கதைய அங்க எடுத்தீங்க, அவ்வளவுதான். அவரோட அம்மா ரொம்ப பயந்த சுபாவம்."

"எடுக்கல தாயே" என்றார்.

மாப்பிள்ளையின் அம்மா விலா இறைச்சியைத் தொடவே இல்லை. என் வீட்டுக்காரர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "தப்பா நினைக்காதீங்க சம்பந்தி. ரொம்ப நாள் முன்னாடி ஒரு படம் பாத்தேன். மருந்துக்கடைக்காரன் கொலை செய்வான். ஒரு வாரம் தூங்கல நான். அசப்புல உங்கள மாதிரியே இருந்தான்."

எனக்கு மனசு பூரித்துப் போனது. வாயைத் திறந்தேன். மேசைக்கடியில் இவர் என் காலை ஓங்கி மிதித்தார்.

"அப்படியா? நான் படமே பாக்கறதில்லைங்க. பாய்லர் வேலைக்கே நேரம் சரியாப்போகுது."

"நல்லவேளை" என்று அந்த அம்மாள் மூச்சு விட்டார். "உள்ளுக்குள்ள விஷம் இல்லாதவனுக்கு அப்படி நடிக்க வராது."

"வராதுங்க" என்று இவரும் தலையாட்டினார்.

கல்யாணம் முடிவாயிற்று. திரும்பும்போது வண்டியை இவர்தான் ஓட்டினார். சிவப்பு விளக்கில் நின்றபோது, "ஒரு வாரம் தூங்கலையாம்" என்றார். அடுத்த விளக்கிலும் அதையே சொன்னார்.

"பேசாம வண்டிய ஓட்டுங்க" என்றேன். பின்சீட்டில் மகள் இருந்தாள், என்னால் அழ முடியவில்லை.