லீவு கொடுக்க வேண்டியவர்கள்

கம்பைநல்லூரிலிருந்து வரும் டவுன் பஸ்ஸில்தான் எனக்கு அது உறைத்தது. கல்லூரியில் நான் பாடம் எடுக்கும் முதலாமாண்டு வகுப்பில் இரண்டு மாதமாக வாயே திறக்காத பெண் ஒருத்தி, கண்டக்டரை மடக்கிக்கொண்டிருந்தாள்.

"நேத்து எங்க ஸ்டாப்புல ஏங்க நிக்கல?"

"டிரைவரக் கேளு தாயி."

"அவரக் கேட்டா உங்களக் கேக்கச் சொல்றாருங்க. நாங்க யாரத்தான் கேக்கறது, கலெக்டரையா?"

பஸ்ஸே சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. வகுப்பில் கேள்வி கேட்பது எப்போதும் நான், திருதிருவென்று முழிப்பது அவள். தலைகீழாக அல்லவா நடத்திக்கொண்டிருக்கிறேன்.

மறுநாளே மாற்றினேன். ஆங்கில வகுப்பில் இனி அவர்கள் கேட்க வேண்டும், நான் பதில் சொல்வேன். இலக்கணம் உடைந்தால் உடையட்டும். முதல் வாரம் சாப்பிட்டீர்களா, எந்த ஊர் என்கிற ரகம்தான். மூன்றாவது வாரம், எனக்கு ஏன் இன்னும் கல்யாணம் ஆகவில்லை என்று கடைசி பெஞ்ச் ஆங்கிலத்திலேயே கேட்டது. திணறியது நான்.

கோஆர்டினேட்டர் சாருக்கு இது பிடிக்கவில்லை. கல்லூரியின் தரத்தைக் கண்காணிக்க ஒரு பிரிவு உண்டு, அதற்கு அவர்தான் தலைவர். "இத எந்த அவுட்கம்ல, எந்தக் கற்றல் பயன்ல போடுவீங்க மேடம்? பர்சன்டேஜ் எப்படி வரும்?" என்றார். வகுப்பு நடந்ததற்கு இடமும் நேரமும் பதிந்த போட்டோ வேண்டும், போட்டோவுக்கு ஒரு ரிப்போர்ட், ரிப்போர்ட்டுக்கு ஒரு எக்செல் ஷீட். ஒரு பிள்ளை வாயைத் திறந்ததை எழுத அதில் ஒரு கட்டம்கூடக் கிடையாது. பல்லைக் கடித்துக்கொண்டு நிரப்பினேன்.

போன வாரம் கூப்பிட்டார். கல்லூரிக்கு கிரேடு போட மதிப்பீட்டுக் குழு வருகிறதாம், மாணவர்களோடு பேசுமாம். "இங்கிலீஷ் பேச வராதவங்க லிஸ்ட் ஒண்ணு குடுங்க. அன்னிக்கு ஒரு நாள் அவங்களுக்கு லீவு." டீயை ஆற்றிக்கொண்டே சொன்னார்.

சொல்லிக்கொடுக்க வைத்த என்னிடமே பிள்ளைகளை ஒளித்துவைக்கவும் சொல்கிறார்கள். எழுத வெட்கமாக இருக்கிறது: எழுதிக் கொடுத்தேன். ஒன்பது பேர். வேலை நிரந்தரமாகவில்லை, பயம். அவள் பெயரை மட்டும் விட்டுவிட்டேன். அவளுக்குத்தான் பேச வந்துவிட்டதே.

நேற்று, குழுவிடம் கேட்கத் தயார் செய்த கேள்வியை அவள் வகுப்பில் எழுந்து சொல்லிப் பார்த்தாள். "சார், வொய் அவர் லைப்ரரி லாக்டு ஃபார் ஒன் மந்த்?" எங்கள் நூலகம் ஒரு மாதமாகப் பூட்டித்தான் கிடக்கிறது. குழு வரும்வரை புத்தகங்கள் கலையக் கூடாதாம். வகுப்பு கைதட்டியது. வராந்தாவில் போய்க்கொண்டிருந்த கோஆர்டினேட்டர் நின்றுவிட்டார்.

"நல்லா பேசறியேம்மா" என்று அவளிடம் சொல்லிவிட்டு என்னை வெளியே அழைத்தார். "இந்தப் பொண்ணு பேரையும் லிஸ்ட்ல சேத்துக்குங்க."

"அவளுக்குப் பேச வருதுங்களே சார்."

"அதுக்குத்தான்."

ஆங்கிலம் பேச வராதவர்களுக்கு நாளை விடுமுறை என்று இன்று மதியம் சுற்றறிக்கை வந்தது. பத்துப் பெயர், கடைசியில் அவளுடையது. நான் சேர்க்கவில்லை, அவரே சேர்த்திருக்கிறார். ஸ்டாஃப் ரூம் வாசலில் வந்து நின்றாள்.

"மேம், நான் தப்பா சொல்லிட்டனுங்களா?"

"இல்ல. சரியாத்தான் சொன்ன."

"அப்பறம் பேச வராதவங்களோட ஏன் போட்டாங்க? எங்கப்பா இத நம்பிட்டார்னா படிச்சது போதும்னு நிறுத்திருவாருங்க."

கோபம் அவர்மேல் மட்டுமில்லை, அந்த ஒன்பது பெயரையும் எழுதிய என்மேலும்தான்.

பத்துப் பேரையும் தனித்தனியாகப் பார்த்து, நாளை வழக்கம்போல வரச் சொல்லிவிட்டேன். நான் கொடுத்த பட்டியல் தவறு, திரும்பப் பெறுகிறேன் என்று கல்லூரி முதல்வருக்குக் கடிதம் எழுதிக் கையெழுத்தும் போட்டாகிவிட்டது. அதன் கீழே அவளுடைய கேள்வியையும் அப்படியே, திருத்தாமல் எழுதியிருக்கிறேன். குழு பதினொரு மணிக்கு வருகிறது. ஒன்பதரைக்கே கடிதத்தை முதல்வர் மேசையில் வைத்துவிட்டு நான் கல்லூரி கேட்டுக்குப் போய் நிற்கப்போகிறேன். லிஸ்ட்டைப் பார்த்து வாட்ச்மேன் நிறுத்தினால், பத்துப் பேரோடு சேர்த்து என்னையும் நிறுத்தட்டும்.