கதவடியில் ஒரு சோடிச் சப்பாத்து

என் கணவர் நடிகர். இதைச் சொன்னதும் எங்கள் தமிழ் ஆட்கள் கேட்கும் முதல் கேள்வி, "எந்தப் படத்தில ஹீரோ?" என்பதுதான். ஒன்றிலும் இல்லை. அவருடைய ஊரான போலந்தில் தபால்காரர், கல்யாணவீட்டில் குடித்துவிட்டு விழுபவர், மூன்றாவது பொலிஸ்காரர். என்னைக் கட்டி டென்மார்க்கின் ஓகூஸ் நகருக்கு வந்தபின் டெனிஷ் தொலைக்காட்சியில் லொறிச் சாரதி, மேசன், கள்ளன். அவருடைய டெனிஷ் உச்சரிப்புக்கு அதற்குமேல் கொடுக்கமாட்டார்கள். ஒரு தொடரில் இரண்டு நிமிடம் வந்தால் எங்கள் வீட்டில் அது பெருநாள். மற்ற நாட்களில் பண்டகசாலையில் பெட்டி ஏற்றுவார். அதனாலென்ன? அந்த இரண்டு நிமிடத்தை அவரைப்போலச் செய்கிற ஒருத்தரைக் காட்டுங்கள் பார்ப்போம்.

அவருக்கு ஒரு பழக்கம். எவ்வளவு சின்னப் பாத்திரம் என்றாலும், நிசமான ஒரு மனிதரிடமிருந்து ஒரேயொரு செய்கையை எடுத்துக்கொள்வார். லொறிச் சாரதி கண்ணாடி துடைக்கிற விதம் பிரெடெரிசியாவில் ஒரு பெற்றோல் நிலையத்தில் பார்த்தது. கள்ளன் பசியில் பாண் தின்கிற விதம் என்னுடையது. வெட்கக்கேடு, ஆனால் உண்மை.

ஹொல்ஸ்டெப்ரோவில் இருக்கும் என் அப்பாவுக்கு இதெல்லாம் பிடிபடவில்லை. இளைப்பாறும்வரை இறைச்சித் தொழிற்சாலைக்கு ஒருநாளும் பிந்தாமல் போன மனிதர். "வேஷம் போடுறதும் ஒரு உத்தியோகமோ, பிள்ளை?" என்பார். தெரிந்தவர்களிடம், "மருமகன் பண்டகசாலையில வேலை" என்று மட்டும் சொல்லி முடித்துவிடுவார். கேட்கும்போதெல்லாம் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். கணவர் சிரித்துவிட்டுப் போவார். ஆனால் தான் நடித்த ஒவ்வொரு தொடரும் வந்த பிறகு, அப்பா பார்த்தாரா என்று என்னிடம் கேட்பதை அவர் விட்டதில்லை. நானும் ஒவ்வொரு முறையும் ஏதோ சொல்லி மழுப்புவேன்.

போன வருடம் ஒரு துப்பறியும் தொடருக்கு அழைப்பு வந்தது. விபத்தில் இறந்த மகனை அடையாளம் காட்ட ஆஸ்பத்திரிக்கு வரும் தகப்பன். ஒரு வசனமும் இல்லை. எப்படிச் செய்யப்போகிறார் என்று கேட்டேன். வேறு கதைக்கு மாறிவிட்டார்.

அது ஒளிபரப்பான ஞாயிற்றுக்கிழமை நாங்கள் அப்பா வீட்டில் நின்றோம். கெஞ்சிக் கூத்தாடி அவரைத் தொலைக்காட்சிக்கு முன்னால் இருத்தினேன். கணவர் பயத்தில் குசினிக்குள் போய்க் கோப்பை கழுவத் தொடங்கினார்.

திரையில் தாதி கதவைத் திறந்துவிடுகிறார். தகப்பன் உடனே உள்ளே போகவில்லை. குனிந்து சப்பாத்து நாடாவை அவிழ்த்து, இரண்டையும் கதவடியில் சோடி சேர்த்து வைத்துவிட்டு, காலுறையோடு அந்தக் குளிர்ந்த நிலத்தில் நடந்து போகிறார். அவ்வளவுதான் காட்சி.

நாலு வருடத்துக்கு முன், அம்மாவின் உடல் கிடந்த ஆஸ்பத்திரி அறைக்குள் போகுமுன் அப்பா செய்தது இது. கோயில் வாசலில் கழற்றுவதுபோல் கழற்றியிருந்தார். நாங்கள் பிள்ளைகள் அழுதுகொண்டு முன்னே ஓடிவிட்டோம். வெளியே வரும்போதுதான் கதவடியில் அந்தச் சப்பாத்துகளைக் கண்டேன். அப்பாவுக்குப் பின்னால் வந்தவர் என் கணவர் மட்டும்தான்.

அட பாவி மனுசா, என் அப்பாவின் துக்கத்தையா எடுத்து நடித்தாய் என்று ஆத்திரம் வந்தது. இனி அப்பா இவரை இந்த வீட்டுப் படியேற விடமாட்டார் என்றே நினைத்தேன்.

அப்பா திரைப்பக்கம் குனிந்தார். பிறகு, "திருப்பிப் போடு பிள்ளை," என்றார். இரண்டாம் தரமும் பார்த்தார்.

"அண்டைக்கு என்னை ஒருத்தரும் பாக்கேல்லை எண்டெல்லோ நான் நினைச்சுக்கொண்டிருந்தனான்," என்றார்.

எழும்பிக் குசினிக்குப் போனார். கணவரின் கையிலிருந்த கோப்பையை வாங்கி வைத்துவிட்டு, அந்த ஈரக்கையைப் பிடித்துக்கொண்டு வந்து தன் பக்கத்தில் இருத்தினார். மற்றக் கையால் தொழிற்சாலைக் காலத்துக் கூட்டாளிக்குப் போன் எடுத்தார்.

"டீவியில பாத்தனீரோ? ஓம், ஓம், அந்தத் தகப்பன்தான். அது என்ர மருமகன். நடிகர். அவர் நடிச்சது என்னை."